ஏலம் காலடியில்தான் காய்க்கும்

நன்றாக நடக்கிற என்னைச் சக்கர நாற்காலியில் உட்காரவைத்துத் தள்ளிக்கொண்டு போனார்கள். பாஷை தெரியாதவள் ஏரோப்ளேன் நிலையத்தில் தொலைந்துவிடக் கூடாது என்று என் மகன் செய்த ஏற்பாடு. தள்ளியவருக்கு என்னைவிட வயது அதிகம் இருக்கும். மூச்சு வாங்கிக்கொண்டே தள்ளினார். இறங்கி நடக்கிறேன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பையை மடியில் இறுக்கிக்கொண்டு குறுகி உட்கார்ந்திருந்தேன். அறுபத்தொன்பது வயதில் லாஸ் ஏஞ்சல்ஸ் என்கிற ஊருக்குள் நான் நுழைந்த லட்சணம் இது.

வெளியே என் தங்கச்சி பேச்சியம்மாள் நின்றாள். நாற்காலியைப் பார்த்ததும் முகம் வெளுத்து ஓடிவந்தாள்.

"ஏக்கா, காலுக்கு என்னாச்சு?"

"ஒண்ணுமில்லத்தா. உக்காரச் சொன்னாக, உக்காந்தேன்."

"நடந்தே வாரேன்னு சொல்ல வேண்டியதுதான?"

"பாவம், அம்புட்டுத் தூரம் தள்ளிட்டு வந்துட்டாக. எப்பிடிச் சொல்றது?"

பேச்சி நடுரோட்டில் தலையில் அடித்துக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன். ஆனால் அது சிரிக்கிற விஷயமில்லை. 'வேண்டாம்', 'இல்லை', 'தப்பு' என்கிற மூன்று சொல்லும் பிறந்ததிலிருந்து என் வாயில் ஏறியதில்லை. அதனால் என் தங்கச்சிக்கு வந்த வினையைத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

நாங்கள் கூடலூரில் பிறந்தவர்கள். அப்பா சீக்கிரமே போய்விட்டார். எனக்குப் பள்ளிக்கூடம் ஐந்தாம் வகுப்போடு முடிந்தது. விடியுமுன்னே ஜீப்பில் ஏறி, குமுளி மலைக்கு மேலே ஏலத்தோட்டத்தில் காய் எடுத்துவிட்டுப் பொழுது சாயத் திரும்புவேன். பேச்சி என்னைவிடப் பன்னிரண்டு வயது இளையவள். அவள் கால் மலையில் பட விடவில்லை நான். பள்ளிக்கூடம், மதுரையில் கல்லூரி, அப்புறம் அமெரிக்க மாப்பிள்ளை. கலியாணம் மூன்றாம் வருஷமே முறிந்தது. ஊரே திரும்பி வரச் சொன்னது. அவள் வரவில்லை.

அங்கே ஒரு டிவி கம்பெனியில், காது கேளாதவர்கள் படிப்பதற்காக, நடிகர்கள் பேசுவதைக் கேட்டுக் கேட்டு எழுத்தாகத் தட்டுகிற வேலையில் சேர்ந்தாள். பிறகு கதை எழுதுகிறவர்கள் உட்கார்ந்து பேசும் அறையில் காப்பி வைக்கிற வேலை, அவர்கள் பேசுவதை எல்லாம் குறித்து வைக்கிற வேலை. ஆறு வருஷம் குறித்தாள். தயங்கித் தயங்கி அவள் சொன்ன யோசனைகள் வேறு ஆள் பேரில் படமாக வந்தன. ஏழாம் வருஷம் அந்த மேஜையில் அவளுக்கும் ஒரு நாற்காலி போட்டார்கள். போலீஸ் தொடர், ஆஸ்பத்திரித் தொடர், கோர்ட்டுத் தொடர், நடுவில் இரண்டு சினிமா. சேவல் அறுப்பதைப் பார்க்கப் பயந்து கண்ணைப் பொத்திக்கொள்கிறவள், வாராவாரம் ஒரு கொலை எழுதிப் பிழைத்தாள். பிறகு தயாரிப்பாளர் ஆனாள். எழுதுவதோடு நில்லாமல் யார் நடிப்பது, எங்கே எடுப்பது என்று எல்லாவற்றுக்கும் பதில் சொல்கிற பதவியாம் அது.

பேச்சியம்மாள் என்பது நீளமாக இருக்கிறது, பெக்கி என்று சுருக்கிக்கொள் என்று ஆரம்பத்தில் சொன்னார்களாம். "உங்க திரை அம்புட்டு அகலமா இருக்கே, எடமா பத்தல?" என்று கேட்டாளாம். இன்றைக்கும் முழுப்பேர்தான் திரையில் ஓடுகிறது.

கூடலூரில் என்ன சொன்னார்கள் தெரியுமா?

"ஒந்தங்கச்சி சீரியல்ல நடிக்கிறாளாமே?"

"எழுதுறா."

"எழுதுறதுக்கா அமெரிக்கா? இங்கன திருவிழா நாடகத்துக்கு எழுதியிருந்தா பொங்கச் சோறாவது கெடைச்சிருக்கும்."

முப்பது வருஷம் இதைக் கேட்டுக்கொண்டு தலையைக் குனிந்து போனேன். இப்போது எழுதிவிட்டேன். படிக்கட்டும்.

இத்தனை வருஷம் அடுத்தவர் கதையை எழுதியவளுக்கு, இப்போதுதான் அவளுடைய சொந்தக் கதை தொடராக வரப்போகிறது. எட்டுப் பாகம். ஏலமலைக்கு வேலைக்குப் போகிற அக்கா, கீழே படிக்கிற தங்கை. "நீ வந்து பாருக்கா. தப்பு இருந்தா நீதான் சொல்லணும்" என்று கூப்பிட்டாள். நான் போன காரியம் இது ஒன்றுதான். தப்பைச் சொல்ல, தப்பு என்று சொல்லத் தெரியாதவளைக் கூப்பிட்டிருக்கிறாள்.

இரண்டாம் நாள் பேச்சி வேலைக்குப் போனதும் தெருமுனை வரைக்கும் நடந்தேன். வீடுகள் இருக்கின்றன, மனுஷர் இல்லை. தேனி பழைய பஸ் ஸ்டாண்டு முன்னால் ரோட்டைக் கடக்க, கையை நீட்டிக்கொண்டு குலதெய்வத்தைக் கூப்பிட்டுக்கொண்டு ஓட வேண்டும். இங்கே நான் சும்மா ஓரத்தில் நின்றேன். ஒரு கார் வந்து நின்றது. உள்ளே இருந்த அம்மா 'போங்கள்' என்று கையைக் காட்டினாள். எனக்குப் போக வேண்டியதே இல்லை. ஆனால் எனக்காக நின்றுவிட்டாளே! கடந்தேன். திரும்பி வீட்டுக்குப் போகலாம் என்று பார்த்தால் அந்தப் பக்கம் ஒரு லாரி நின்றது. அதற்கும் மரியாதையாகக் கடந்தேன். இந்தப் பக்கம் வந்து மூச்சு வாங்க நின்றேன்; இன்னொரு கார் நின்றது.

சாயங்காலம் சொன்னேன்.

"ஆறு வாட்டியா?" என்றாள் பேச்சி.

"வழி விடுறாகளே. போகாட்டி அவுக மனசு சங்கடப்படாதா?"

"ஏக்கா, ஒன்னைய ஊர் கொண்டுபோய்ச் சேக்குறதுக்குள்ள எனக்கு நரைச்சிரும்."

"ஏற்கெனவே நரைச்சுத்தான் சாயம் அடிச்சிருக்க."

மூன்றாம் நாள் கடைக்குக் கூட்டிப் போனாள். தேனிச் சந்தையையே கழுவித் துடைத்து விளக்குப் போட்டு வைத்தது மாதிரி ஒரு கடை. கொட்டையில்லாத திராட்சை இருந்தது. கடித்தால் இனித்த தண்ணீர். எங்கள் கம்பத்துப் பன்னீர் திராட்சைக்குத் தோலும் உண்டு, கொட்டையும் உண்டு, அறை முழுக்க மணக்கிற வாசமும் உண்டு. வெண்ணெய்ப் பழத்தை நாம் சீனி போட்டுப் பிசைவோம். இவர்கள் உப்பும் மிளகாயும் தூவி ரொட்டியில் தடவுகிறார்கள். அதை மட்டும் ஒத்துக்கொண்டேன், நன்றாகவே இருந்தது.

ஒரு கண்ணாடிக் குப்பியில் ஏலக்காய் வைத்திருந்தார்கள். திருப்பித் திருப்பிப் பார்த்தேன். வெளுத்து வாய் பிளந்த காய். பின்னாளில் நான் வேலை பார்த்த, போடியில் ரகம் பிரிக்கிற கொட்டகையில் இதை முறத்தின் ஓரத்துக்குத் தள்ளிவிடுவோம். இந்த ஊர்க்காரர்களுக்கு ஏலம் என்றால் இந்தக் குப்பிதான் என்று நினைத்தபோது லேசாகக் கோபம் வந்தது. நானே எடுத்த காய் எத்தனை கடல் தாண்டிப் போயிருக்குமோ! போன இடத்தில் இதுதான் மரியாதையா?

நான்காம் நாள் பேச்சி வேலை செய்கிற இடம். பெரிய மேஜை, பத்து நாற்காலி, சுவர் முழுக்க ஒட்டிய அட்டைகள். எல்லாரும் தின்றுகொண்டே பேசுகிறார்கள். இது என்ன வேலை என்றுதான் முதலில் தோன்றியது. அரை மணி கழித்துப் பிடிபட்டது. காய் பிரிக்கிற கொட்டகைதான் இது. அங்கே பேசிக்கொண்டே கை தள்ளும். இங்கே கையால் தின்றுகொண்டே வாய் தள்ளுகிறது. ஒருத்தி ஒரு யோசனை சொல்கிறாள். நாலு பேர் முகர்ந்து பார்க்கிறார்கள். சொத்தை என்றால் ஓரம். நல்ல காய் என்றால் அட்டையில் எழுதிச் சுவரில் ஏற்றுகிறார்கள். கடைசியில் எல்லாரும் பேச்சியின் முகத்தைப் பார்க்கிறார்கள். அவள் தலையாட்டினால்தான் அது கதை. கூடலூரில் மாமன்மார் முன்னால் கதவுக்குப் பின்னால் நின்று பேசியவள், அந்த மேஜையின் தலைமாட்டில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

அங்கே இரண்டு பேரைச் சொல்ல வேண்டும். ஒருவர் ரமோன், கேமராக்காரர். நரைத்த மீசை, சிரித்த முகம். அவர் வீட்டிலிருந்து கொண்டுவந்த அடையையும் காரமான பயற்றையும் எனக்கு வைத்தார். சோள ரொட்டியும் தட்டாம்பயறும்தான், பேர்தான் வேறு. இன்னொருவர் கிரெக். நல்ல உயரம், மெதுவான பேச்சு, எப்போதும் புன்னகை. சேனல்காரர்கள் அனுப்பிய ஆள்.

"ஒனக்கு ஒத்தாசைக்கா?" என்று பேச்சியிடம் ரகசியமாகக் கேட்டேன்.

"பேருதான் ஒத்தாசை. என்னைய மேப்பாக்க."

"நம்ம தோட்டத்துக் கங்காணி மாதிரியா?"

"அதே. கையில கம்பு மட்டும் இல்ல."

கம்பும் இருந்தது, காகிதத்தில் இருந்தது. படப்பிடிப்பைப் பேச்சி நடுவில் நிறுத்தினால், அன்றோடு தொடர் கிரெக்கின் கைக்குப் போய்விடும் என்று அவளிடம் கையெழுத்து வாங்கியிருந்தார்கள். பேர் அவள் பேராகவே ஓடும். கதை அவர் சொல்கிறபடி நடக்கும்.

அன்று மத்தியானம், எடுக்கப்போகிற காட்சிகளைப் படம் படமாக வரைந்த தாள்களை மேஜையில் பரப்பினார்கள். ஏலத்தோட்டம். பின்னால் மலை. நடுவில் ஒரு பொம்பளை நெஞ்சை நிமிர்த்தி நிற்கிறாள். தேயிலை கிள்ளுகிற மாதிரி, நெஞ்சு உயரத்துச் செடியிலிருந்து ஏலக்காயைப் பறிக்கிறாள். அந்த முகம் என் முகம். என் சின்ன வயசு முகம்.

ஏலச்செடி ஆளைவிட உயரம். ஆனால் காய் மேலே இராது. தூரடியில், மண்ணோடு மண்ணாகச் சரம் ஓடும், அதில்தான் காய்க்கும். ஈர மண்ணில் குத்துக்காலிட்டோ முட்டி போட்டோ உட்கார்ந்து, உட்கார்ந்தபடியே நகர்ந்து நகர்ந்து எடுக்க வேண்டும். மழைக்காலத்தில் அட்டைப்பூச்சி ஏறும். இருபத்திரண்டு வருஷம் அப்படி நகர்ந்தவள் நான். வேலை நேரத்தில் நிமிர்ந்து நின்றால் கங்காணி வைவான்.

என் தங்கச்சிக்கு இது தெரியாது. எப்படித் தெரியும்? நான் சொன்னதே இல்லை. சேறு படிந்த சேலையை லோயர் கேம்ப் வாய்க்காலில் அலசி, முகம் கழுவி, தலையைச் சீவிக்கொண்டுதான் வீட்டுப் படி ஏறுவேன்.

"அக்கா, சரியாருக்கா?" என்று கேட்டாள் பேச்சி. பத்துப் பேரும் என்னைப் பார்த்தார்கள். கிரெக் பேனாவைத் திறந்தார்.

அடுத்தவர் வீட்டில் சாப்பிட உட்கார்ந்து, குழம்பில் உப்பில்லை என்று எங்கள் ஊரில் எவளும் சொல்ல மாட்டாள். அதுவும் என் தங்கச்சி அத்தனை பேருக்கு முன்னால் தலைமாட்டில் உட்கார்ந்திருக்கும்போதா? நான் தலையை ஆட்டினேன்.

"சரியாருக்குத்தா."

கிரெக் குறித்துக்கொண்டார்.

ஊர் திரும்புவதற்கு இரண்டு நாள் இருக்கையில், ரமோன் எங்களைக் காரில் கடற்கரைப் பக்கம் கூட்டிப் போனார். வழியில் டயர் பஞ்சர். அவர் மாட்டிக்கொண்டிருக்க, நான் ரோட்டோரத்து வயலைப் பார்த்தேன். ஸ்ட்ராபெரித் தோட்டமாம். நூறு பேர் இருப்பார்கள், ஒருத்தர் முகமும் தெரியவில்லை. எல்லாம் குனிந்த முதுகு.

ரமோன் ஏதோ சொன்னார். பேச்சி அதைத் தமிழில் சொன்னாள்: "என் அம்மா இந்த மாதிரி வயலில்தான் எங்களை வளர்த்தாள். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் முதுகைப் பார்த்தே அம்மாவைக் கண்டுபிடித்துவிடுவேன் என்கிறார்."

அப்போதே சொல்லியிருக்கலாம். வாயைத் திறந்தேன். அதற்குள் பேச்சி என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"நான் நெனைக்கிறப்பல்லாம் நீ அந்தப் படத்துல மாதிரி நிமிந்துதான் நிப்பக்கா. அந்த ஒரு படத்துக்காகத்தான் எட்டுப் பாகமும் எழுதுனேன்."

வாயை மூடிக்கொண்டேன். ஏரோப்ளேனில் அத்தனை மணி நேரமும் தூக்கம் வரவில்லை.

நான்கு மாதம் கழித்து அவர்கள் பயணம் எங்கள் பக்கம் திரும்பியது. பழனிசெட்டிபட்டியில் என் மகன் வீட்டுக்கே பேச்சி வந்து என்னைக் கூட்டிக்கொண்டாள். கம்பத்தில் தங்கல், மலையில் படப்பிடிப்பு. கிரெக் பரோட்டாவைப் பிய்க்கத் தெரியாமல் கத்தி கேட்டார். ரமோன் மூன்று தரம் சால்னா வாங்கினார்.

முதல் நாளே மலை அவர்களை ஒரு கை பார்த்தது. அவர்களுடைய நீளமான வண்டி கொண்டை ஊசி வளைவில் திரும்பாமல் குறுக்கே நின்றுவிட்டது. முன்னும் போகவில்லை, பின்னும் போகவில்லை. பின்னால் தோட்டத்துப் பொம்பளைகளின் ஜீப் வரிசை. படத்தில் நடிக்க நாற்பது பேரைக் கூலிக்குப் பேசியிருந்தார்கள், அவர்கள்தான். கடைசியில் அமெரிக்கக்காரர்களை எங்கள் ஜீப்புகளில் பிரித்து ஏற்றினார்கள். பத்துப் பேர் வண்டியில் பதினாறு பேர். கிரெக், அந்தக் காலத்தில் என்னோடு காய் எடுத்த முருகாயிக்கும் ஜன்னலுக்கும் நடுவில் மடங்கி உட்கார்ந்தார்.

"ஏத்தா பேச்சி, இவுக காலை எங்கன வைக்கிறது? ரெண்டு ஆளு காலு இருக்கே!"

"மடியில தூக்கி வச்சுக்கங்க மதினி."

"நம்ம வீட்டுக்காரரு சந்தேகப்படுவாரு."

ஜீப் குலுங்கச் சிரித்தோம். என்ன என்று தெரியாமலே கிரெக்கும் சிரித்தார். கெட்ட மனுஷர் இல்லை அவர். அதுதான் சிரமம்.

தோட்டத்தில் இறங்கியதும் சிரிப்பு நின்றது. முன்னாடியே வந்துவிட்ட அலங்கார ஆட்கள் செடி செடியாக வேலை பார்த்து வைத்திருந்தார்கள். நெஞ்சு உயரத்தில், தட்டைகளில், பச்சை நூலால் ஏலக்காயைக் கொத்துக் கொத்தாகக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள்.

முருகாயி ஒரு கொத்தைப் பிடித்து ஆட்டினாள். "ஏலம் எப்பத்தா மாங்கா மாதிரி தொங்க ஆரம்பிச்சுச்சு?"

"அமெரிக்கா ஏலம் போல மதினி" என்றாள் இன்னொருத்தி.

"நீங்க சிரிங்கடி. நாளைக்கு எம்பேத்தி டிவியில பாத்துட்டு, 'ஏ அப்பத்தா, நின்னுக்கிட்டுத்தான வேலை பாத்த, அப்பறம் எதுக்கு முட்டி வலி முட்டி வலின்னு அழுகுற'ன்னு கேப்பா. நான் என்னத்தச் சொல்ல?"

பேச்சி ஒரு செடியின் அடியில் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தாள். தூரடியில் மண்ணில் கிடந்த நிஜச் சரத்தைக் கையில் தூக்கினாள். நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

"அக்கா, கீழயா காய்க்கும்?"

"ஆமாத்தா."

"அப்ப நீ..."

"உக்காந்துதான். எல்லாரும் உக்காந்துதான்."

"அங்கன சரின்னு சொன்னியே?"

"அம்புட்டுப் பேரு முன்னால தப்புன்னு எப்பிடித்தா சொல்லுவேன்? நீ தலைமாட்டுல உக்காந்திருந்த."

அவள் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. கிரெக்கிடம் போய்ப் பேசினாள். எனக்குப் புரிய வேண்டும் என்று அவர் சொன்னதைத் திரும்பி வந்து தமிழில் சொன்னாள். "காய் கீழே இருப்பது எனக்கும் தெரியும், போன வாரமே போட்டோ அனுப்பினார்கள். ஆனால் உட்கார்ந்தால் முதுகுதான் தெரியும். முகம் தெரிந்தால்தான் பார்க்கிறவர்கள் அழுவார்கள். உங்கள் அக்காவே சரி என்று சொன்னதைக் குறித்தும் வைத்திருக்கிறேன். இஷ்டமில்லை என்றால் நீங்கள் நிறுத்தலாம். நிறுத்தினால் என்ன ஆகும் என்று உங்களுக்கே தெரியும்."

பேச்சி கிரெக் பக்கம் திரும்பினாள். அவள் வாயில் அந்தச் சொல் வருவதைப் பார்த்தேன். நிறுத்துங்கள் என்று சொல்லப் போகிறாள். முப்பது வருஷம் காப்பி தூக்கி, குறிப்பெழுதி, கொலை எழுதிச் சேர்த்தது ஒரு சொல்லில் போய்விடும். சொல்லாவிட்டால், முழுப்பேரைப் போட்டு ஒரு பொய் ஊர் உலகமெல்லாம் ஓடும். இரண்டுக்கும் காரணம் என் தலையாட்டல்.

எனக்கு ஒன்று தோன்றியது. பேச்சி நிறுத்தினால்தானே குற்றம்?

விறுவிறு என்று கேமராவுக்கு முன்னால் போனேன். அத்தனை பேர் பார்க்க நடந்ததே என் வாழ்க்கையில் அதுதான் முதல் தடவை. சேலையை இழுத்துச் சொருகிக்கொண்டு, ஈர மண்ணில், செடியின் தூரடியில் உட்கார்ந்தேன். சரத்தைப் புரட்டி, பழுத்த காயாகப் பார்த்து எடுத்து மடியில் போட்டேன். விரல் எதையும் மறந்திருக்கவில்லை.

யாரோ கத்தினார்கள். கிரெக் ஓடிவந்தார். என்னைப் பார்த்துப் பதறி, ஒரு மடக்கு நாற்காலியை அவரே தூக்கிவந்து என் பக்கத்தில் விரித்து, கையைப் பிடித்துத் தூக்கக் குனிந்தார். அத்தனை மரியாதை. அந்தச் சக்கர நாற்காலி ஞாபகம் வந்தது.

"வேண்டாம்" என்றேன்.

அவருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் கையை எடுத்துக்கொண்டார்.

பின்னால் முருகாயியின் குரல். "எங்கக்கா உக்காந்திருக்க நான் நிக்கவா? நல்லாருக்கே ஞாயம்!" என் இடப்பக்கம் வந்து தொப்பென்று உட்கார்ந்தாள். அப்புறம் ஒருத்தி, அப்புறம் நாலு பேர். நாற்பது பேரும் வரிசை பிடித்து உட்கார்ந்து, நிஜத் தோட்டத்தில் நகர்கிற மாதிரியே நகர ஆரம்பித்தோம். நூலில் கட்டிய காய்கள் தலைக்கு மேலே சும்மா ஆடிக்கொண்டிருந்தன.

கிரெக் பேச்சியிடம் திரும்பி ஏதோ சொன்னார். எழுந்திருக்கச் சொல் என்றுதான் இருக்கும். பேச்சி முதலில் தமிழில் பதில் சொல்லிவிட்டாள், எங்களுக்குக் கேட்க வேண்டும் என்று. பிறகுதான் இங்கிலீஷில்.

"அவுக எந்திரிக்க மாட்டாக. கேமரா உக்காரட்டும்."

ரமோன் கேமராவை முக்காலியிலிருந்து கழற்றி மண்ணில் இறக்கினார். அவரும் சேற்றில் குப்புறப் படுத்தார்.

கிரெக் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு நின்றார். என்ன ஆகியிருக்குமோ தெரியாது. அந்த நேரம் பார்த்து ஓர் அட்டைப்பூச்சி அவர் கணுக்காலில் ஏறிவிட்டது. ரத்தத்தைப் பார்த்ததும் 'ஆ' என்று அப்படியே மண்ணில் உட்கார்ந்தார். முருகாயி மடியிலிருந்த மூக்குப்பொடியை எடுத்து அட்டையின் மேல் அப்பினாள்.

"பிடிச்சு இழுக்காதீக, கடிவாய் புண்ணாகிப் போகும். செத்த இருங்க, அதுவா விழும். என்ன ஆளு நீங்க, இம்புட்டு ஒசரம் இருந்துக்கிட்டு ஒரு அட்டைக்கு அழுகுறீக?"

அட்டை விழுகிற வரைக்கும் அவர் அங்கேயே உட்கார்ந்திருந்தார். அப்போதுதான் பார்த்தார். இலை வெளிச்சம் பச்சையாக மண்ணில் விழுந்து கிடந்தது. அந்த உயரத்திலிருந்து பார்த்தால் எங்கள் முகம் எல்லாமே தெரியும். நின்று பார்க்கிறவனுக்குத்தான் முதுகு.

அவர் ரமோனைப் பார்த்து மெதுவாகத் தலையசைத்தார். மன்னிப்பு என்று ஒன்றும் கேட்கவில்லை. 'எடுங்கள்' என்று மட்டும் சொன்னார்.

பேச்சி தன் வெள்ளைக் கால்சட்டையோடு வந்து என் பக்கத்தில் முட்டி போட்டாள். ஒரு காயைப் பறித்தாள்.

"அது பிஞ்சு. விடு" என்றேன்.

அடுத்ததைப் பறித்தாள்.

"அதுவும் பிஞ்சு. ஒனக்கு எழுதத்தான் வரும்."

சாயங்காலம் ஜீப்பில் இறங்கும்போது அவளிடம் கேட்டேன், "ஒன் நாற்காலி ஒனக்குத்தானா?"

"இன்னைக்கு எனக்குத்தான். இன்னும் ஏழு பாகம் இருக்குக்கா. ஏழு சண்டை பாக்கி." அதைச் சொல்லும்போது அவள் முகத்தில் பயம் இல்லை, பசிதான் இருந்தது.

லோயர் கேம்பில் வழக்கம்போல ஜீப் நின்றது. மின்நிலையத்தைத் தாண்டி வருகிற வாய்க்காலில் பெரியாற்றுத் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. பொம்பளைகள் இறங்கிச் சேலை முந்தியை அலசினார்கள். பேச்சியும் இறங்கினாள். முட்டி இரண்டிலும் கறுப்புச் சேறு அப்பியிருந்தது. தண்ணீரில் காலை வைத்துக்கொண்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"இங்கனதான் அலசிட்டு வருவியா?"

"தெனமும்."

"எனக்குத் தெரியக் கூடாதுன்னா?"

அவள் குனிந்து தண்ணீரைக் கையில் அள்ளினாள். முட்டியில் விடப் போனாள். அவள் கையைப் பிடித்தேன்.

"அலச வேண்டாம். அப்பிடியே வா. கூடலூர்ல எறங்கி, கடைத்தெரு வழியா நடந்தே போவோம். பாக்குறவக பாக்கட்டும்."